மின்சாரத் தொழிலாளி நடிகரான கதை

நேயர்களே, ஒரு படம் பார்த்துவிட்டு வீடு திரும்பும்போது நாம் எதைப் பற்றிப் பேசுகிறோம்? முதலில் கதாநாயகன். அடுத்துக் கதாநாயகி, பாட்டு, சண்டை. இவையெல்லாம் பேசி முடிந்த பிறகுதான் யாராவது ஒருவர், "அந்தப் பாதிரியாராக வந்தாரே, அவர் யார்? எங்கோ பார்த்த முகமாக இருக்கிறதே" என்று கேட்பார். முகம் எல்லாருக்கும் தெரிந்திருக்கும். பெயர் மட்டும் ஒருவருக்கும் வராது. குணச்சித்திர நடிகர் என்று நாம் சொல்வது இத்தகையவர்களைத்தான். கதாநாயகன் எந்தப் படத்திலும் கதாநாயகனாகவே வருகிறான். இவர்களோ ஒரு படத்தில் நீதிபதி, அடுத்த படத்தில் திருடன், அதற்கடுத்ததில் பிள்ளையைப் பறிகொடுத்த தகப்பன்.

அயர்லாந்து நாட்டைச் சேர்ந்த அப்படிப்பட்ட ஒரு நடிகரைப் பற்றி இன்று நாம் தெரிந்துகொள்வோம். அவர் பெயர் லியாம் கன்னிங்காம். பிரிட்டனுக்கு மேற்கே கடலில் கிடக்கும் தீவு அயர்லாந்து. அதன் பெரும்பகுதியை ஆளும் அயர்லாந்துக் குடியரசின் மக்கள் தொகை ஏறத்தாழ 50 லட்சந்தான். இவ்வளவு சிறிய நாட்டிலிருந்து உலகத் திரைக்கு வந்த நடிகர்களை எண்ணிப் பார்த்தால் நமக்கு வியப்பாக இருக்கும். ஆனால் அவர்களுள்ளும் கன்னிங்காம் வந்த வழி வேறு. அவர் நாடகக் குடும்பத்துப் பிள்ளையும் அல்லர். கல்லூரி மேடையில் கண்டெடுக்கப்பட்டவரும் அல்லர். வயரிங் வேலை செய்தவர்.

1961ஆம் ஆண்டு ஜூன் 2ஆம் நாள் டப்ளின் நகரில் பிறந்தார். துறைமுகத்தை ஒட்டி, உழைப்பாளிக் குடும்பங்கள் வாழும் ஈஸ்ட் வால் என்னும் பகுதி அவர் பிறந்த இடம். வளர்ந்தது நகரின் வடக்கே கூலாக் வட்டாரத்தில். பதினைந்து வயதில் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டார். மின்சாரத் தொழில் பழகி, அதிலேயே பிழைப்பை அமைத்துக்கொண்டார். பள்ளியைப் பாதியில் விட்ட பிள்ளைக்குக் கைத்தொழில் ஒன்று அமைந்துவிட்டால் பெற்றோருக்கு எவ்வளவு நிம்மதி என்பதை நாம் யாருக்கும் விளக்கத் தேவையில்லை.

1984ஆம் ஆண்டில் அவர் ஆப்பிரிக்காவிலுள்ள ஜிம்பாப்வேக்குப் போனார். அந்நாடு 1980இல்தான் விடுதலை பெற்றிருந்தது. விடுதலை பெற்ற நாட்டுக்குக் கொடி மட்டும் போதாது. விளக்கு எரிய வேண்டும், இயந்திரம் ஓட வேண்டும், அவற்றைப் பழுது பார்க்கத் தெரிந்த கைகள் வேண்டும். வனவிலங்குச் சரணாலயம் ஒன்றில் மின்கருவிகளைப் பராமரிப்பது கன்னிங்காமுக்குக் கிடைத்த வேலை. அங்குள்ள இளைஞர்களுக்கு அந்தத் தொழிலைச் சொல்லிக் கொடுப்பதும் அவர் பொறுப்பாக இருந்தது. மூன்று ஆண்டுகள் அங்கே இருந்தார்.

ஊர் திரும்பியதும் பழைய வேலை கசந்தது. வேலை கடினம் என்பதனால் அல்ல. இனி எஞ்சிய நாளெல்லாம் இதுதானா என்ற எண்ணம் மனத்தில் புகுந்துவிட்டது. நடிப்பில் அவருக்கு ஆசை இருந்தது. நடிப்பு வகுப்பில் சேர்ந்தார். உள்ளூர் நாடகங்களில் சிறு வேடங்கள் கட்டினார். அப்போது அவருக்கு வயது முப்பதை நெருங்கிக்கொண்டிருந்தது.

இந்த இடத்தில் நாம் சற்று நிற்க வேண்டும். மாதம் தவறாமல் சம்பளம் வரும் தொழிலை விட்டு, அடுத்த வாரம் வேலை உண்டா என்று தெரியாத தொழிலுக்குப் போவதென்பது விளையாட்டல்ல. இதைக் கேட்டுவிட்டு நம் பிள்ளைகள் நாளைக்கே வேலையை விட்டுவிட்டு வந்து நிற்கக் கூடாது! நடிக்கப் போனவர்களில் நமக்குப் பெயர் தெரிந்தவர்கள் கொஞ்சம். தெரியாமல் போனவர்களே அதிகம். கன்னிங்காமுக்கு ஒரு வசதி இருந்தது. நடிப்புக் கை கொடுக்காவிட்டால் திரும்பிப் போக ஒரு தொழில் கையில் இருந்தது. துணிச்சலைப் பாராட்டும்போது இதையும் சேர்த்தே சொல்வதுதான் முறை.

அவர் தலைகாட்டிய முதல் திரைப்படம் 1992இல் வெளிவந்த 'இன்டு த வெஸ்ட்'. ஒரு வெள்ளைக் குதிரையோடு நாட்டின் மேற்கே ஓடிப்போகும் இரண்டு சிறுவர்களின் கதை. அதில் இவருக்குப் போலீஸ்காரர் வேடம். சின்ன வேடம்.

மூன்றே ஆண்டுகள் கழித்து அவருக்குக் கிடைத்த வேடத்தைக் கேட்டால் நீங்கள் புன்னகை செய்வீர்கள். இராமபிரான் வேடம்!

ஆமாம், நேயர்களே. 1995இல் வெளிவந்த 'எ லிட்டில் பிரின்சஸ்' என்னும் படம். ஃபிரான்சஸ் ஹாட்ஜ்சன் பர்னெட் என்ற அம்மையார் எழுதிய சிறுவர் நாவலைத் தழுவியது. இயக்கியவர் மெக்சிகோ நாட்டு அல்ஃபோன்சோ குவாரோன். இந்தியாவில் வளர்ந்த சாரா என்ற சிறுமியை அவள் தந்தை நியூயார்க்கிலுள்ள விடுதிப் பள்ளியில் சேர்த்துவிட்டு முதல் உலகப் போருக்குப் போகிறார். தந்தை இறந்துவிட்டதாகச் செய்தி வருகிறது. காசில்லாத பிள்ளை என்று தெரிந்ததும், நேற்றுவரை சீராட்டிய தலைமையாசிரியை அவளை வேலைக்காரியாக்கி மாடியறையில் தள்ளிவிடுகிறாள். குளிரிலும் பசியிலும் அந்தச் சிறுமியைத் தாங்கி நிற்பது, தன் தோழிகளுக்கு அவள் சொல்லும் கதை. என்ன கதை? இராமாயணம்! இராமனும் சீதையும், பத்துத் தலை இராவணனும் திரையில் வருகிறார்கள்.

அந்தச் சிறுமியின் தந்தையான இராணுவக் காப்டன் கன்னிங்காம். உடலில் நீல வண்ணம் பூசிக்கொண்டு இராமனாக வருபவரும் அவரே. இது வேடிக்கைக்காகச் செய்த இரட்டை வேடம் அல்ல. அப்பா போர்க்களத்தில் இருக்கிறார். சிறுமியின் கற்பனையில் போருக்குப் போகும் வீரனுக்கு வேறு யார் முகம் இருக்க முடியும்? ஆகவே ஒரே நடிகர். படத்தில் வரும் இராமாயணம் நாம் கோயில் மண்டபத்தில் கேட்ட இராமாயணம் அல்ல, வெள்ளைக்காரச் சிறுமி ஒருத்தியின் கனவு. குறை சொல்ல நினைத்தால் நிறையச் சொல்லலாம். ஆனால் பிள்ளைகளோடு சேர்ந்து உட்கார்ந்து பார்க்கத் தக்க படம் என்பதில் நமக்கு ஐயமில்லை.

அதன் பின் வேலைகள் தொடர்ந்தன. அவற்றையெல்லாம் வரிசையாகப் படித்தால் கடைச் சாமான் பட்டியல் போலாகிவிடும். 1996இல் 'ஜூட்' என்ற படத்தில் பள்ளி ஆசிரியர். 2002இல் 'டாக் சோல்ஜர்ஸ்' என்ற பேய்ப் படத்தில் முரட்டு இராணுவ அதிகாரி. 2013இல் 'டாக்டர் ஹூ' தொடரின் ஒரு பகுதியில் சோவியத் நீர்மூழ்கிக் கப்பலின் தலைவர். 'டைட்டானிக்: பிளட் அண்ட் ஸ்டீல்' என்ற 2012ஆம் ஆண்டுத் தொடரில், அயர்லாந்தின் புகழ்பெற்ற தொழிற்சங்கத் தலைவர் ஜிம் லார்கின்.

ஆனால் ஒன்றை மட்டும் விட்டுவிட்டுப் போக மனமில்லை. 1999இல் பி.பி.சி. தொலைக்காட்சியில் வந்த 'ஷூட்டிங் த பாஸ்ட்'. இலண்டனில் பழைய புகைப்படங்களைச் சேர்த்து வைத்திருக்கும் ஒரு கட்டடத்தை அமெரிக்க முதலாளி ஒருவர் வாங்கிவிடுகிறார். படங்களைக் காலி செய்யச் சொல்கிறார். அந்த முதலாளி கன்னிங்காம். படங்களைக் காப்பாற்ற நினைக்கும் பெண் அவரை உட்காரவைத்து, ஒவ்வொரு புகைப்படமாக எடுத்து மேசைமேல் வைத்துக் கதை சொல்கிறாள். அவர் கேட்கிறார். பெரும்பாலும் அவ்வளவுதான் அவருடைய வேலை. அவசரமாகப் புறப்பட இருந்தவர், மெல்ல மெல்ல எழுந்திருக்க மறந்துபோவதை அவர் முகத்தில் நாம் பார்க்கிறோம். வசனம் பேசுவதுதான் நடிப்பு என்று எண்ணுவோர் பலர். எதிரே இருப்பவர் பேசுவதை இப்போதுதான் முதன்முறையாகக் கேட்பதுபோல் கேட்பது அதைவிடக் கடினம். ஏனென்றால் அந்த வசனத்தை அவர் ஒத்திகையில் பலமுறை கேட்டாகிவிட்டது.

அடுத்து 2006ஆம் ஆண்டுக்கு வருவோம். உழைப்பாளிக் குடும்பங்களுக்கு நெருக்கமான படம் இது. 'த விண்ட் தட் ஷேக்ஸ் த பார்லி', அதாவது பார்லிப் பயிரை அசைக்கும் காற்று. இயக்கியவர் கென் லோச் என்னும் ஆங்கிலேயர். அந்த ஆண்டு கான் திரைப்பட விழாவில் முதற்பரிசான தங்கப் பனை விருது இதற்குத்தான் கிடைத்தது.

படத்தின் பின்னணியைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். அயர்லாந்து பல நூற்றாண்டுகளாக ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்தது. 1919 முதல் 1921 வரை விடுதலைப் போர் நடந்தது. அந்தப் போரின் நடுவே, 1920ஆம் ஆண்டு மே மாதத்தில், துறைமுகத் தொழிலாளர்கள் பிரிட்டிஷ் படைக்கு வந்த ஆயுதங்களை இறக்க மறுத்தார்கள். இரயில்வே தொழிலாளர்கள், ஆயுதமேந்திய சிப்பாய் ஏறினால் வண்டியை ஓட்ட மறுத்தார்கள். அந்த மறுப்பு டிசம்பர் வரை நீடித்தது. பலர் வேலை இழந்தார்கள்.

படத்தில் கன்னிங்காம் டான் என்ற இரயில் ஓட்டுநர். கிலியன் மர்ஃபி நடிக்கும் டேமியன் என்ற இளம் மருத்துவன் இலண்டனுக்குப் போக ஸ்டேஷனுக்கு வருகிறான். அங்கே சிப்பாய்கள் வண்டியில் ஏற முயல்கிறார்கள். ஓட்டுநரும் மற்றவர்களும் மறுக்கிறார்கள். அடி விழுகிறது. வண்டி ஓடாது என்ற சொல் மட்டும் மாறவில்லை. அதைப் பார்த்த டேமியன் இலண்டனுக்குப் போகாமல் ஊரிலேயே நின்றுவிடுகிறான். கதையின் போக்கையே மாற்றும் இந்த இடத்தில் கன்னிங்காமுக்கு நீண்ட வசனம் ஒன்றுமில்லை.

பின்னொரு காட்சி நமக்கு இன்னும் நன்றாகப் புரியும். போராளிகள் நடத்தும் ஊர் நீதிமன்றத்தில் ஓர் ஏழை மூதாட்டியின் வழக்கு வருகிறது. கடன் கொடுத்தவன் கொள்ளை வட்டி கேட்கிறான். நீதிமன்றம் அவனுக்கு எதிராகத் தீர்ப்புச் சொல்கிறது. ஆனால் போராளிகளின் தலைவர்களுள் ஒருவன் அவனை விடுவிக்கிறான். ஆயுதம் வாங்கப் பணம் கொடுப்பவன் அந்த வட்டிக்காரன்தானே! விடுதலை யாருக்கு, வட்டிக்காரனுக்கா, மூதாட்டிக்கா என்ற கேள்வி அங்கேயே வெடிக்கிறது. டான் மூதாட்டியின் பக்கம் நிற்கிறான். இந்த வாக்குவாதத்தில் நடிகர்கள் ஒருவர் பேச்சில் ஒருவர் குறுக்கிட்டுப் பேசுவது உண்மையான சங்கக் கூட்டம் போலவே இருக்கிறது. கென் லோச் தம் நடிகர்களுக்கு முழுக் கதையையும் முன்கூட்டித் தருவதில்லை. கதை நடக்கும் வரிசையிலேயே படமெடுத்துக்கொண்டு, பகுதி பகுதியாகத்தான் தருவார். அதனால்தான் அந்தச் சூடு.

இரண்டு ஆண்டுகள் கழித்து வந்தது 'ஹங்கர்', அதாவது பசி. நாம் தொடக்கத்தில் சொன்ன பாதிரியார் வேடம் இந்தப் படத்தில்தான். வட அயர்லாந்தின் மேஸ் சிறையில் 1981இல் நடந்த உண்ணாவிரதத்தைப் பற்றிய படம். தங்களை அரசியல் கைதிகளாக நடத்த வேண்டுமென்று கோரி உண்ணாவிரதம் இருந்தவர்களில் பத்துப் பேர் இறந்தார்கள். முதலில் இறந்தவர் பாபி சாண்ட்ஸ். 66 நாள் உணவின்றிக் கிடந்து, அந்த ஆண்டு மே 5ஆம் நாள் உயிர் விட்டார். படத்தை இயக்கியவர் ஸ்டீவ் மெக்குயின். சாண்ட்ஸாக நடித்தவர் மைக்கல் ஃபாஸ்பெண்டர்.

சினிமா எடுக்கும் முறையை அறியாதவர்களுக்கு ஒரு விளக்கம் தேவை. நாம் திரையில் காணும் ஐந்து நிமிடக் காட்சி ஐந்து நிமிடத்தில் எடுக்கப்படுவதில்லை. இரண்டு வசனம் பேசியதும் நிறுத்துவார்கள். விளக்கை மாற்றுவார்கள். காமிராவை வேறிடத்தில் வைப்பார்கள். பேச்சில் தடுக்கினால் மறுபடி எடுப்பார்கள். பிறகு துண்டுகளை வெட்டி ஒட்டுவார்கள். மேடை நடிகருக்கு இல்லாத வசதி இது, தவறினால் திருத்திக்கொள்ளலாம்.

'ஹங்கர்' படத்தில் இந்த வசதியை ஒதுக்கிவைத்தார்கள். சாகும்வரை உண்ணாவிரதம் என்று முடிவெடுத்த கைதியைப் பார்க்கப் பாதிரியார் வருகிறார். சிறைக்குள் ஒரு மேசை. இந்தப் பக்கம் ஒருவர், அந்தப் பக்கம் ஒருவர். காமிரா ஒரே இடத்தில் நிற்கிறது, அசையவே இல்லை. 17 நிமிடம்! வெட்டு இல்லை, ஒட்டு இல்லை. அதுவரை அதிகம் பேச்சில்லாமலே போய்க்கொண்டிருந்த படம் அது. திடீரென்று இருவரும் பேசத் தொடங்கியதும் நாம் நிமிர்ந்து உட்காருகிறோம்.

முதலில் ஊர்க்கதை, கேலி, சிரிப்பு. பிறகு மெல்ல விஷயத்துக்கு வருகிறார்கள். பாதிரியார் மன்றாடுகிறார், கோபிக்கிறார், அவனுடைய பிள்ளையை நினைவூட்டுகிறார். இது தற்கொலை அல்லவா என்கிறார். கைதி அசையவில்லை. யார் சொல்வது சரி என்று படம் தீர்ப்புச் சொல்வதில்லை. உயிர் பெரிதா, கொள்கை பெரிதா என்று கேட்டால் நாமும் சட்டென்று விடை சொல்லிவிட முடியாது. ஆனால் பாதிரியார் பக்கம் நியாயம் இல்லையென்று தோன்றிவிட்டால் அந்தக் காட்சியே படுத்துவிடும். தோற்கப் போகும் வாதத்தை வலுவாகச் சொல்ல வேண்டியது கன்னிங்காமின் வேலை. அதை அவர் செய்தார்.

எப்படிச் செய்தார்? படப்பிடிப்புக்கு முன் ஃபாஸ்பெண்டரோடு ஒரே வீட்டில் சில நாள் தங்கினார். ஒரு நாளைக்கு 12 முதல் 15 தடவை அந்தக் காட்சியை இருவரும் பேசிப் பார்த்தார்கள். காட்சியின் நீளத்தை வைத்துக் கணக்குப் போட்டுப் பாருங்கள். நாளொன்றுக்கு மூன்று மணி நேரத்துக்கு மேல், ஒரே உரையாடல்! மேதைமை என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். பக்கத்தில் போய்ப் பார்த்தால் அது இந்த மாதிரி மூன்று மணி நேரமாக இருக்கிறது. புதிய இயக்குநரின் முதற்படத்துக்குத் தரும் தங்கக் காமிரா விருதை 2008ஆம் ஆண்டு கான் விழாவில் இந்தப் படம் பெற்றது.

இத்தனைக்குப் பிறகும் உலகம் முழுவதும் அவர் முகம் தெரிய வந்தது தொலைக்காட்சியால்தான். 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' என்னும் தொடர், பல அரச குலங்கள் ஓர் அரியணைக்காக அடித்துக்கொள்ளும் கற்பனைக் கதை. 2012 முதல் 2019இல் தொடர் முடியும்வரை கன்னிங்காம் அதில் டாவோஸ் என்ற பாத்திரம். சிறு பிள்ளைகளை வைத்துக்கொண்டு பார்க்கக் கூடிய தொடர் அல்ல அது. இரத்தமும் ஆபாசமும் மிகுதி. பெற்றோர் இதை நினைவில் வைக்க வேண்டும்.

டாவோஸ் ஏழைச் சேரியில் பிறந்த கடத்தல்காரன். முற்றுகையில் பட்டினி கிடந்த கோட்டைக்குள் திருட்டுப் படகில் வெங்காயம் கொண்டுபோய்ப் பலர் உயிரைக் காத்தவன். ஸ்டானிஸ் என்ற தலைவன் அவனுக்கு வீரப் பட்டம் தருகிறான். பழைய கடத்தல் குற்றத்துக்காக ஒரு கையின் விரல் நுனிகளையும் வெட்டுகிறான். பரிசும் தண்டனையும் ஒரே கையால்! அது நியாயந்தான் என்று டாவோஸ் ஏற்றுக்கொள்கிறான். பட்டம் பெற்ற அவனுக்கு எழுத்து மட்டும் தெரியாது.

2013இல் ஒளிபரப்பான பகுதிகளில் அவன் சிறையில் கிடக்கிறான். ஸ்டானிஸின் மகள் ஷிரீன், நோயினால் முகத்தில் தழும்பேறிய சிறுமி, யாருக்கும் தெரியாமல் புத்தகத்தோடு வந்து அவனுக்குப் படிக்கக் கற்றுக் கொடுக்கிறாள். நரைத்த தாடிக்காரன் எழுத்துக் கூட்டித் தடுமாறுகிறான். ஒலிக்காத எழுத்தைச் சொல்லுக்குள் எதற்காக வைத்தார்கள் என்று அலுத்துக்கொள்கிறான். ஆங்கிலம் படிக்க முயன்ற நம்மவர் எல்லாருக்கும் உள்ள மனக்குறைதான்! பிறகு ஒரு கைதியைத் தப்பவிட்ட குற்றத்துக்கு அவனுக்கு மரண தண்டனை விதிக்கப்படும்போது, அவன் தானே படித்தறிந்த ஒரு கடிதந்தான் அவன் உயிரைக் காக்கிறது. வடக்கே வரும் ஆபத்தைச் சொல்லும் அந்தக் கடிதத்தை அவன் படிக்காமல் விட்டிருந்தால் கதை அங்கேயே வேறு திசையில் போயிருக்கும்.

வயதானவர் எழுத்துக் கற்கும் காட்சியை நடிப்பதில் ஓர் ஆபத்து உண்டு. கொஞ்சம் மிகைப்படுத்தினால் சிரிப்பாகிவிடும். கொஞ்சம் உருகினால் இரக்கம் கேட்பதாகிவிடும். கன்னிங்காம் இரண்டையும் செய்யவில்லை. தெரியாத வேலையைக் கற்றுக்கொள்ளும் ஒரு தொழிலாளியின் எரிச்சலும் பிடிவாதமும் மட்டுமே அவர் முகத்தில் இருக்கின்றன. ஒருவேளை ஜிம்பாப்வேயில் தம்மிடம் தொழில் பழகிய இளைஞர்களின் முகத்தில் அவர் அதைப் பார்த்திருக்கலாம். இது நம் ஊகந்தான்.

அந்தச் சிறுமி பிறகு, மந்திரக்காரி ஒருத்தியின் சொல் கேட்டு, சொந்தத் தகப்பனாலேயே தீயில் பலியிடப்படுகிறாள். அவளுக்குத் தான் செதுக்கிக் கொடுத்த மர மானைக் கரியாகக் கண்டெடுத்த டாவோஸ், 2016இல் வந்த பகுதியில் அந்த மந்திரக்காரியை நேருக்கு நேர் நிறுத்திக் கேள்வி கேட்கிறான். எட்டு ஆண்டு ஓடிய அந்தப் பெருந்தொடரில் நடிப்புக்காக ஒரு காட்சியை மட்டும் எடுத்துக்கொள் என்றால் நாம் இதைத்தான் எடுப்போம். அவர் கத்தவில்லை. கத்தாமல் இருக்கத் தொண்டை படும் பாடு நமக்குக் கேட்கிறது. தொடரின் கடைசிப் பகுதிகளில் அவருக்குத் தகுந்த வேலை தரவில்லை என்பது நம் எண்ணம். கூட்டத்தில் ஒருவராக நிற்கவைத்துவிட்டார்கள்.

அந்தத் தொடரைத் தயாரித்த டேவிட் பெனியாஃப், டி.பி. வைஸ் ஆகிய இருவரும் 2024இல் '3 பாடி பிராப்ளம்' என்ற புதிய தொடரைக் கொண்டுவந்தார்கள். சீன எழுத்தாளர் லியூ சிஷின் எழுதிய அறிவியல் நாவலைத் தழுவியது. வேற்றுலகத்தார் பூமியைப் பிடிக்க வரப்போகிறார்கள் என்பது கதை. வேலை பிடித்துப்போன கொத்தனாரையே அடுத்த வீட்டுக்கும் அழைப்பதுபோல், இவர்கள் கன்னிங்காமை மீண்டும் அழைத்தார்கள். ஆனால் கொடுத்தது டாவோஸைப் போன்ற நல்ல மனிதரின் வேடம் அல்ல. தாமஸ் வேட் என்ற உளவுத்துறைத் தலைவன்; மனித குலத்தைக் காப்பாற்ற எந்தக் கொடுமையும் செய்யத் தயங்காதவன், எவரிடமும் இரக்கம் காட்டாதவன். அந்தத் தொடர் வெளிவந்தபோது கன்னிங்காமுக்கு வயது 62. வெங்காயப் படகோட்டியின் சாயல் துளிகூட அவரிடம் தெரியவில்லை.